நிலம் முடியும் இடத்தில் அமலதாஸ்

திங்கள் மாலை அமலதாஸ் எங்கள் நடைக் குழுவின் வாட்ஸப்பில், "சனி காலமை ஒன்பது மணி. தொப்பி மறக்காதேங்கோ" என்று போட்டிருந்தார். செவ்வாய் காலை அதே இலக்கத்திலிருந்து, அந்தச் செய்திக்குக் கீழேயே, ஆங்கிலத்தில் இரண்டு வரி வந்தது. அப்பா விடிய மாரடைப்பில் காலமாகிவிட்டார் என்று மகள் எழுதியிருந்தாள். யாரோ அவருடைய போனைத் திருடி விளையாடுகிறார்கள் என்றுதான் முதலில் நினைத்தேன். கெட்ட கோபம் வந்தது. வாரம் தவறாமல் பள்ளத்தாக்கு இறங்கி ஏறிய மனிதர், எப்படி? இன்னும் எனக்கு நம்ப முடியவில்லை.

மெல்பேணின் மேற்கில் ஒரு பள்ளிக்கூடத்தில் அவர் புவியியல் படிப்பித்தார், நான் கணக்கு. ஆசிரியர் அறையில் எங்கள் கதிரைகள் அடுத்தடுத்து இருந்தன. அவர் மன்னாரில் அருவியாற்றுப் பக்கம் வளர்ந்தவர். நான் யாழ்ப்பாணம்; கிணற்றை விட்டால் எங்களுக்கு வேறு தண்ணீர் தெரியாது. எங்களுக்கும் வழுக்கையாறு இருக்கிறது என்று ஒருமுறை வாதாடப் போனேன். "ஐசே, மழைக்கு மட்டும் வாறதுக்குப் பேர் ஆறில்லை, விருந்தாளி" என்றார். பக்கத்து மேசைக்காரர்களுக்கு அதை ஆங்கிலத்திலும் சொல்லிச் சிரித்தார்.

இந்த அஞ்சலிக்கு வந்திருக்கும் உங்களில் முதல் நடைக்கு வந்தவர்களுக்கு இது ஞாபகம் இருக்கும். மரிபனோங் ஆற்றுக்குப் போகிறோம் என்றார். ஆறு என்றதும் குளிக்கலாம் என்று நாங்கள் துவாய், சாரம், சவர்க்காரம், சோற்றுப் பானை சகிதம் போய் இறங்கினோம். கீலோர் பக்கத்தில் கண்ணுக்கெட்டிய தூரம் சப்பட்டையான புல்வெளி. பானையைச் சுமந்து வந்த கடுப்பில், "எங்க காணும் உம்மட ஆறு?" என்று கேட்டேன். அவர் புல்லுக்குள் நடந்தார், நாங்கள் பின்னால் போனோம். திடீரென்று கையை நீட்டி எங்களை மறித்தார். "பொறுங்கோ. இங்க நிலம் முடியுது."

எட்டிப் பார்த்தால் காலடியில் பள்ளத்தாக்கு. அடியில், பழைய யூக்கலிப்டஸ் மரங்களுக்கு நடுவே ஆறு. அன்றைக்கு ஒருவரும் குளிக்கவில்லை. அந்தச் சவர்க்காரக் கதையைச் சொல்லிச் சொல்லியே அவர் என் மானத்தை வாங்கினார்.

விளிம்பில் உட்கார்ந்துதான் பாடம் நடக்கும். எரிமலைக் குழம்பு ஓடிவந்து பழைய பள்ளத்தாக்குகளை நிரப்பி இந்தச் சமவெளியைப் போட்டது. வழி அடைபட்ட ஆறுகள் பிறகு அந்தக் கருங்கல்லை அறுத்துப் புதுவழி தேடின. "வழியை மூடினா ஆறு குந்தியிருந்து அழுறேல்லை" என்பார். பிரசங்கம் வேண்டாம், சோற்றை எடும் என்று நான் சொல்வேன். அவருக்குக் கோபம் வராது.

கோபம் வந்ததை ஒரேயொரு தடவைதான் கண்டேன். அந்தப் பக்கம் வீடு பார்க்க வந்த நண்பர் ஒருவர் புல்வெளியைக் காட்டி, "இது சும்மா கிடந்த வெறும் காணிதானே" என்றார். அமலதாஸின் முகம் சிவந்துவிட்டது. இந்த மண்ணின் ஆதிக்குடிகள் இதே புல்லுக்குள் மஞ்சள் பூப் பூக்கும் ஒரு செடியின் கிழங்கைத் தோண்டிச் சாப்பிட்டதையும், வெள்ளைக்காரர் கொண்டுவந்த ஆடுகள் அதை மேய்ந்து அழித்ததையும் சொன்னார். பிறகு, "வெறும் காணி எண்டு சொல்லித்தானே ஊரில எங்கட காணியளையும் பிடிச்சவங்கள்" என்றார்.

வியாழன் பின்னேரம் அவர் மனைவி ரீற்றா எனக்குப் போன் எடுத்தார். "அண்ணை, சனிக்கிழமை நடை இருக்குத்தானே? நானும் வாறன்." சனிக்கிழமைகளில் முதியோர் இல்லத்தில் வேலை என்பதால், கணவர் போகும் ஆற்றை அவர் ஒருநாளும் கண்டதில்லை. அடக்கம் முடியாமல் வெளிக்கிடக் கூடாது என்று வீட்டில் உறவினர் தடுத்தார்களாம். "அடக்கம் பண்ணிப்போட்டா அவர் மண்ணுக்குள்ள. அதுக்கு முதல் அவர் நிண்ட இடத்தை நான் பாக்கவேணும்" என்றார். நான் எப்படி மறுப்பது?

சனி காலை குழுவில் எல்லோரும் வந்திருந்தீர்கள். முன்னால் நடக்க ஆளில்லாமல் நான் நடந்தேன். இத்தனை வருடம் அவர் முதுகைப் பார்த்தே நடந்தவனுக்குப் புல்லெல்லாம் ஒன்றாகத்தான் தெரிந்தது. விளிம்பு எங்கே என்று தெரியாமல் தரையைப் பார்த்துப் பார்த்துப் போனேன். பக்கத்தில் ரீற்றா, கண்ணைத் துடைத்துத் துடைத்து, விறுவிறுவென்று வந்தார்.

"எங்கண்ணை ஆறு? ஒண்டையும் காணேல்லையே."

புல் முடியும் இடம் கண்ணில் பட்டதும், நான் வாய் திறக்க முதலே என் கை நீண்டு அவரை மறித்தது. "பொறுங்கோ ரீற்றா. இங்க நிலம் முடியுது."

அவர் கீழே எட்டிப் பார்த்தார். பிறகு சொன்னார்: "திங்கள் இரவு புட்டும் சாப்பிட்டு, பகிடி விட்டுச் சிரிச்சுப்போட்டுத்தான் படுத்தவர். இவ்வளவு கிட்ட வந்தும் எனக்குத் தெரியேல்லையே, அண்ணை."



அமலதாஸ், எரிமலைக் கதையை உம்மைப்போலச் சொல்ல எனக்கு வராது. உம்மிடமிருந்து எனக்கு மிஞ்சியது அந்த நீட்டிய கை ஒன்றுதான். உம்மை மறிக்கத்தான் அண்டைக்கு ஒருத்தரும் இருக்கேல்லை, ஐசே.