போக்சிம் அக்கா கேட்ட அளவு

போக்சிம் அக்கா சணல்துணிக் கால்சட்டை ஒன்றைத் தைத்துக்கொண்டிருந்தார். நூல் நுனியில் முடிச்சு கிடையாது. சாவு உடுப்பில் முடிச்சு விழுந்தால் போகிறவருக்குக் கால் கட்டு என்பார்கள். கொரியாவின் குன்சான் துறைமுகத்தில் காலமெல்லாம் கருவாடு விற்ற தடித்த விரல்கள். ஊசி அவற்றுக்குள் தொலைந்துதான் வெளியே வரும்.

எண்பதை நெருங்கும் வயது, வீட்டில் தனியாகத்தான் இருக்கிறார். நான் பகலில் போய்க் குளிக்க வைத்து, மருந்து எடுத்துக் கொடுத்து வருவேன். மற்ற நேரத்துக்கு மாவட்ட அலுவலகம் ஒரு பேசும் பெட்டி கொடுத்திருந்தது.

அன்று நான் போவதற்குள் அதனிடம் கேட்டிருக்கிறார்: "நான் சாகும்போது போடற உடுப்பு. இந்த மாசத்துக்குள்ள முடிஞ்சாகணும். கையைக் கட்டற துணி எவ்வளவு நீளம் வேணும்?"

பெட்டி அளவைச் சொல்லவில்லை. இதற்கு உதவ முடியாது, உங்களை நினைத்தால் கவலையாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு, அலுவலகத்துக்கும் மகன் தொக்சூவுக்கும் தகவல் அனுப்பிவிட்டது. நான் செருப்பைக் கழற்றும்போது போனில் அவன் குரல்.

"நாளைக்குக் காலைல வர்றேம்மா. துணிமணி எடுத்து வைங்க. முதியோர் இல்லத்துல இடம் சொல்லிட்டேன்."

"நான் என்னடா செஞ்சேன்?"

"மெஷினே பயந்துபோச்சு. நான் பயப்படக் கூடாதா?"

போனை வைத்ததும் அக்கா பெட்டியை முறைத்தார். "கோள்மூட்டி. சில வருஷத்துக்கு ஒரு தடவை கூடுதலா வர்ற அதிக மாசத்துல இதைத் தைச்சு வச்சா ஆயுசு கூடும்னு குழந்தைக்குக்கூடத் தெரியும்."

"அதிக மாசம்னு சொன்னீங்களாக்கா?"

"இந்த மாசம்னா வேற எந்த மாசம்? அதுகிட்ட காலண்டர் இல்லையா?"

அந்தக் கேள்வியை ஓர் அந்நியர் என்னிடம் கேட்டிருந்தால் நானும் போனைத்தான் எடுத்திருப்பேன். ஆனால் பராமரிப்புப் பயிற்சியில் ஒன்று சொல்லித் தந்தார்கள்: சாவு என்று யாராவது பேச்செடுத்தால் நேராகக் கேள், சுற்றி வளைக்காதே. பெட்டி கேட்காமலே முடிவு கட்டியிருந்தது. முழுசாகச் சொன்னால் என்ன செய்யும் என்று பார்க்க எனக்கு ஆசை.

"மறுபடி கேளுங்க. எதுக்குன்னும் சொல்லுங்க."

அக்கா சொன்னார்.

"அதிக மாசத்து வழக்கம்னு புரியுது," என்றது பெட்டி. "ஆனாலும் ஒண்ணு கேக்கணும். உயிரை விட்டுடலாம்னு உங்களுக்குத் தோணுதா?"

ஊசி நின்றது.

"சில ராத்திரி தோணும்," என்றார் அக்கா. "இன்னைக்கு இல்ல. இந்த வருஷக் கிம்ச்சி ஊறுகாய் இன்னும் போடல."

தினமும் முதுகு தேய்த்துவிடும் எனக்கே இந்தப் பதில் புதிது. அந்த ராத்திரிகளில் யாரைக் கூப்பிடுவீர்கள் என்று பெட்டி கேட்டது. யாருமில்லை என்றார். நான் என் பெயரைச் சொன்னேன். பிறகுதான் அளவு வந்தது. ஊருக்கு ஊர் மாறும், தெரிந்த தையல்காரரிடமும் கேட்டுக்கொள்ளுங்கள் என்றது.

"பாத்தியா, கேட்டா சொல்லுது."

"கேட்டா நீங்களும்தான் சொல்றீங்க," என்றேன்.

மறுநாள் காலை தொக்சூ காலி சூட்கேஸோடு வந்தான். அக்கா அவனை உட்கார வைத்து, பெட்டியிடம் சொன்னதையெல்லாம் சொன்னார், ராத்திரி விஷயம் உட்பட. அவன் சூட்கேஸைச் சுவரோரம் தள்ளி வைத்தான்.

"எங்கிட்ட ஏம்மா சொல்லல?"

"நீ எங்க கேட்ட? இடம்தான் பிடிச்ச."

அவன் இல்லத்துக்குப் போன் போட்டு இடம் வேண்டாம் என்றான். பிறகு பெட்டியில் அவசர எண்களை மாற்றினோம். பக்கத்துத் தெருவில் குடியிருக்கும் என்னுடைய எண் முதலில், அவனுடையது அடுத்து, அலுவலகம் கடைசியில்.