ஒன்பது மில்லிமீட்டர் குளிர்

கோஜே தீவின் கப்பல் கட்டும் தளத்தில் ஓக் தூபில் என்றொருவர் வேலை பார்ப்பது பலருக்குத் தெரியாது. அதில் அவருக்கு மனக்குறையும் இல்லை. அவர் எழுதுவது லைப்ரரி கோப்புகள். அளவெடுக்கும் மென்பொருளுக்குப் பின்னால் ஒளிந்திருந்து, ஸ்கேனர் அள்ளிக் கொட்டும் லட்சக்கணக்கான புள்ளிகளை ‘இந்த இரும்பு இவ்வளவு நீளம்’ என்று ஒரே எண்ணாக்கிக் கொடுப்பவை. ஒழுங்காக ஓடும்வரை அப்படியொன்று இருப்பதே யாருக்கும் நினைவிருக்காது.

பிப்ரவரிக் காலை. புதிய கோப்பு வேலைக்கு வந்த முதல் நாள் என்பதால், ஆசை தாங்காமல் கப்பல் துறைக்கு இறங்கி வந்திருந்தார். நாற்பது மீட்டர் நீளக் கப்பல் பகுதியொன்று கட்டைகளின்மேல் கிடந்தது. அதன் விளிம்பில் வேண்டுமென்றே கொஞ்சம் அதிகம் விட்டிருப்பார்கள். அளந்து, மிச்சத்தை அறுத்துவிட்டு, கிரேனால் தூக்கி, கட்டி முடித்த பகுதியோடு பொருத்துவார்கள். அறுக்க வேண்டிய கோட்டருகே சாக்பீஸால் 21 என்று எழுதியிருந்தது. தூபிலின் கோப்புக் கணக்கில் அறுக்க வேண்டியது 12 மில்லிமீட்டர்தான்.

அறுப்புக் குழுத் தலைவர் சோன் போக்மான் டார்ச்சைப் பற்றவைத்துவிட்டார்.

“அண்ணே, கொஞ்சம் நிறுத்துங்க.”

“ஹீட்டர் போட்ட ஆபீஸ் ரூம் ஆளு இங்க எங்க வந்தாரு? வழி தப்பிட்டீங்களா தம்பி?”

“இருபத்தொண்ணு யாரு போட்டது?”

“நான்தான்,” என்றார் அளவெடுப்பவர் பியோ சுனே. “மெஷின் பன்னெண்டு சொல்லிச்சு. குளிருல இரும்பு சுருங்கிக் கெடக்குல்ல, அதுக்கு ஒன்பது சேத்தேன். எல்லாக் குளிருக்கும் சேக்குறதுதானே?”

பழைய கோப்பு குளிரைக் கண்டுகொள்ளாது. அளவெடுப்பவர்கள்தான் கையால் சேர்த்துக்கொள்வார்கள். புதியது தானே சேர்த்துவிடும். இதை விளக்கி எல்லாருக்கும் சுற்றறிக்கை அனுப்பியிருந்தார். பிறர் அனுப்பும் சுற்றறிக்கை எதையும் அவர் படித்ததில்லை என்பது வேறு விஷயம்.

“சுனேக்கா, இப்ப கோப்பே சேத்துடும். நீங்க மறுபடி சேத்திருக்கீங்க.”

போக்மான் டார்ச்சைத் தாழ்த்தினார். “சேத்துச்சா, சேக்கலையா?”

“சேத்திருக்கணும்.”

“இருக்கணுமா? நான் கேட்டது அது இல்ல.”

தூபிலுக்கே அது நிச்சயமில்லை. துறையிலிருந்து வெப்பநிலை வந்து சேராவிட்டால், கோப்பு கூச்சல் போடாது. குளிரே இல்லாததுபோல் இருபது டிகிரி என்று தானே வைத்துக்கொண்டு, எதுவும் சேர்க்காமல் சத்தமில்லாமல் கணக்கை முடித்துவிடும். அந்த நாகரிகத்தை அதற்குக் கற்பித்தவர் அவர்தான். ஆய்வுக் கூட்டத்தில் பாராட்டும் கிடைத்தது.

மேசைக்குப் போய், வெப்பநிலை வந்ததா என்று பதிவைப் பார்த்துவிட்டு வரலாம். அதற்குள் கடற்காற்று கிளம்பிவிடும், கிரேன் நின்றுவிடும். 21 அறுத்து, கோப்பு சரியாக இருந்திருந்தால், அறுத்த இரும்பு திரும்ப வளராது. ஓரம் முழுக்க இடைவெளி. 12 அறுத்து, கோப்பு தப்பாக இருந்தால், பகுதியை அந்தரத்தில் தொங்கவிட்டு மிச்சத்தை அறுக்க வேண்டும்.

“அடியில நிக்கப்போறது நானு,” என்றார் போக்மான், மதியச் சாப்பாட்டைப் பற்றிப் பேசுகிற குரலில். “கோட்டை மாத்துறவரு பேரு போடணும். சட்டுனு சொல்லுங்க.”

சுனே சாக்பீஸை நீட்டினார். தூபில் 21ஐ அடித்து, 12 என்று எழுதி, கீழே பெயரைப் போட்டார். விறைத்த விரல்களில் அது யாருடைய கையெழுத்தோ போலிருந்தது.

சுனே அதற்கேற்பக் கோட்டை மாற்றிப் போட்டார். அறுத்தார்கள். கிரேன் தூக்கியது. போக்மான் பகுதிக்கு அடியில் போய் நின்றபோது தூபிலும் ஹெல்மெட்டை இறுக்கிக்கொண்டு பக்கத்தில் நின்றார்.

“உங்களுக்கென்ன இங்க வேலை?”

“ஒண்ணுமில்ல.”

“ஒண்ணுமில்லாததுக்கு ஏன் பல்லு தந்தியடிக்குது?”

தலைக்கு மேலே வானம் ஒரு பட்டையாகக் குறுகிக்கொண்டே வந்தது. காற்று ஒருமுறை தள்ளியது. பகுதி லேசாக அசைந்தது. பிறகு இரும்பு இரும்போடு வந்து நின்றது. போக்மான் அளவுத் தகட்டை இடுக்கில் செருகினார். வெல்டிங்குக்கு வேண்டிய இடைவெளி, அவ்வளவுதான்.

“எறங்கட்டும்,” என்றார் ரேடியோவில்.

சுனே ஏணியிலிருந்து இறங்கி வந்தார். “இனிமே ஒண்ணு நீங்க சேத்துக்கங்க, இல்ல நான் சேக்குறேன். ரெண்டு பேரும் பொறுப்பா இருந்தா கப்பல் தாங்காது.”

“நானே சேத்துக்கிறேன்க்கா.”

மேசைக்குத் திரும்பியதும் முதலில் பதிவைப் பார்த்தார். வெப்பநிலை வந்திருந்தது. ஆனாலும், இருபது டிகிரி என்று வைத்துக்கொள்ளச் சொல்லும் அந்த நாகரிகமான வரியை அழித்தார். இனி வெப்பநிலை வராத நாளில் கோப்பு நீளமே சொல்லாது. வேலை நிற்கும், கிரேன் நிற்கும், துறையிலிருந்து போன் வரும். போக்மான் திட்டுவதைக் கேட்டுக்கொள்ள வேண்டியதுதான்.