உள்பக்க நாற்காலி

இசைக்குழு வேலைக்காக ஊரைவிட்டுக் கிளம்பிய செவ்வாய்க்கிழமை காலையிலும் அவள் வழக்கம்போலச் சன்னலோர இருக்கையைச் செலோவுக்குக் கொடுத்துவிட்டு, தான் நடைபாதை ஓரமாக உட்கார்ந்துகொண்டாள். வயலின் மாதிரியே இருக்கும் பெரிய வாத்தியம், ஆள் உயரப் பெட்டி. அதற்கும் தனிப் பயணச்சீட்டு. பிளாட்பாரத்தில் நின்ற அண்ணன் சன்னல் வழியாகப் பெட்டியைக் காட்டி, "அவரை நல்லாப் பாத்துக்க. நீ எப்படியோ போ," என்றான். அப்பா மட்டும் சிரிக்கவில்லை. லிஃப்ட் மெக்கானிக், கழன்று விழக்கூடிய எதையும் நம்பாதவர். வண்டி கிளம்பப் போகும் நேரம்வரை உள்ளேயே நின்று பெட்டியின் பட்டையை இழுத்து இழுத்துப் பார்த்தார்.

ஏழு வயதில், பள்ளியில் வாத்தியங்கள் கொடுத்த நாளில் அவள் காய்ச்சலில் படுத்திருந்தாள். மறுநாள் போனபோது வயலின்கள் எல்லாம் தீர்ந்து, யாரும் தூக்க விரும்பாத செலோ ஒன்றுதான் மூலையில் மிச்சமிருந்தது. வீட்டுக்கு வந்த அதைப் பார்த்து அம்மா, "எங்கடி வைக்கிறது இதை? கட்டில்ல இது படுத்துக்கட்டும், நீ நின்னுக்க," என்றாள். பதினாறு வருடப் பயிற்சியில் இடது கட்டைவிரலின் ஓரம் காய்த்துப்போய்விட்டது. ஒருமுறை கடைக்காரர் அதைப் பார்த்து, "தச்சு வேலையாம்மா?" என்று கேட்டாராம். அதைப் பெருமையாகச் சொல்லித் திரிவாள்.

இசைக்குழுத் தேர்வில் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து வாசிக்க வேண்டும். ஆணா பெண்ணா என்று காலடிச் சத்தம்கூடக் காட்டிக்கொடுக்கக் கூடாது என்பதால் செருப்பைக் கழற்றிவிட்டு, விரித்திருக்கும் கம்பளத்தின் மேல் நடந்துதான் உள்ளே போவாள். பத்து இடங்களில் தேறவில்லை. "பத்து ஊர்க் கம்பளத்தையும் மிதிச்சாச்சு," என்பாள். பதினோராவது இடத்தில் கிடைத்தது கடைசி வரிசையின் உள்பக்க நாற்காலி. அதுவும் ஒரு வருடச் சோதனைக்கு. வருட முடிவில் மற்ற ஒன்பது செலோக்காரர்களும் ஓட்டுப் போடுவார்கள். ஐந்து கை உயராவிட்டால் வந்த ரயிலிலேயே திரும்ப வேண்டியதுதான்.

அங்கே இசைத்தாள் வைக்க இரண்டு பேருக்கு ஒரு ஸ்டாண்டு. வெளிப்பக்கம் இருப்பவர் வாசித்துக்கொண்டே இருப்பார். உள்பக்கம் இருப்பவர் வாசிப்பை நிறுத்தி இசைத்தாளைத் திருப்ப வேண்டும். அவள் ஒவ்வொரு தாளின் கீழ் மூலையையும் முன்கூட்டியே மடித்து வைப்பாள். பழக்கம் முற்றி, செய்தித்தாள், மருந்துச்சீட்டு, ஓட்டல் மெனு என்று கையில் கிடைத்ததற்கெல்லாம் காது மடித்தாள். தாள் திருப்பும்போது வாசிக்காமல் விட்டுப்போகும் இடங்களை, அடுத்த தாளோடு சேர்த்து, தனியாக அறையில் வாசித்துத் தீர்த்துக்கொள்வாள்.

பக்கத்து நாற்காலி அக்காவுக்கு இருபது வருட அனுபவம், அளந்த பேச்சு. முதல் மாதம் முழுக்க அவர் சொன்னது இரண்டே வார்த்தை: "இப்ப திருப்பு."

எட்டாவது மாதத்தில் ஒரு கச்சேரி. அரங்கமே மூச்சை அடக்கிக் கேட்கும் மெல்லிய இடம். அவள் மடித்து வைத்த மூலையில் இரண்டு தாள்கள் சேர்ந்து மடிந்திருந்தன. திருப்பினாள், இரண்டும் போய்விட்டன. அக்காவின் வில் அந்தரத்தில் நின்றது. திரும்பப் புரட்டினால் காகிதச் சத்தம் கடைசி இருக்கைவரை கேட்கும். அவள் புரட்டவில்லை. அறையில் வாசித்து வாசித்து மனப்பாடமான இடம் அது. தாளைப் பார்க்காமலே வாசித்தாள். இடது கையை அக்காவுக்குத் தெரியும்படி கொஞ்சம் திருப்பிக்கொண்டாள். விட்டுப்போன தாள் முடியும்வரை அக்கா அவள் விரல்களைப் பார்த்துத்தான் வாசித்தார்.

மேடைக்குப் பின்னால் அக்கா வில்லைத் துடைத்துக்கொண்டே ஆரம்பித்தார்.

"ரெண்டு தாளைத் திருப்பினது நீ."

"ஆமாக்கா."

"காப்பாத்தினதும் நீ."

"ஆமாக்கா."

"ஓட்டுப் போடும்போது நான் எதை ஞாபகம் வச்சுக்கிறது?"

"மறதின்னு ஒண்ணு எதுக்குக்கா இருக்கு?"

அக்கா சிரிக்கவில்லை. பெட்டியை மூடும்போது மட்டும் உதடு ஒரு பக்கமாகக் கோணியது.

நான்கு மாதம் கழித்து ஓட்டு. அன்றைக்கு அவள் அந்தக் கட்டடத்துக்குள் இருக்கக் கூடாது என்பது விதி. முடிவெட்டிக்கொண்டாள், தேவையில்லாமல் ஒரு குடை வாங்கினாள், பேருந்து நிறுத்தத்தில் வந்து நின்றாள். மதியம் போன் அதிர்ந்தது. அக்காவிடமிருந்து முதல்முறையாகச் செய்தி.

"ஒன்பதுக்கு ஏழு. தோள்பட்டை வலியோட முதல்ல கையைத் தூக்கினது நான்தான். திங்கக்கிழமை பத்து மணிக்கு ஒத்திகை. லேட்டா வராத."

அவள் ஏற வேண்டிய பேருந்து வந்து நின்று கதவைத் திறந்தது. ஓட்டுநர் அவளைப் பார்த்தார். நீங்கள் போங்கள் என்று கையசைத்துவிட்டு, அவள் மறுபடி முதல் வரியிலிருந்து படித்தாள்.