வால் நட்சத்திரமும் கட்டிவைத்த மரங்களும்

என் இட்லிக் கடைக்கு வருகிறவர்களுக்கு வானத்தைப் பற்றித் தெரியாதது ஒன்றுமில்லை. திருவொற்றியூர்த் தொழிற்சாலையில் சங்கு ஊதுவதற்கு முன்னால் அரை மணி நேரம் என் பெஞ்சில் உட்கார்ந்து உலகத்தையே புரட்டிப் போடுவார்கள். போன வாரம் பத்திரிகையில் ஒரு செய்தி. ருஷ்யாவில் ஆளில்லாத காட்டில் வானத்திலிருந்து ஏதோ விழுந்து, கண்ணுக்கெட்டிய தூரம் மரமெல்லாம் சாய்ந்து கிடக்கிறதாம். அது நடந்து இருபது வருஷத்துக்கு மேலாகிறது. வெகு காலம் கழித்துத்தான் போய்ப் பார்த்தார்களாம். வழக்கம்போல நான்தான் உரக்கப் படித்தேன். பாதியில் ஒருவன், "போதும்கா, இங்க வுழுந்தா இன்னா ஆவும், அத்தச் சொல்லு" என்றான்.

"முழுசாக் கேளு, இல்லாட்டி எய்ந்து போ" என்று கரண்டியை ஓங்கிவிட்டேன். அதுவரை அவன் என்னை நல்ல பொம்பளை என்று நினைத்திருப்பான், பாவம்.

கணக்குப் போட்டுப் பார்த்தால் அந்தக் காட்டில் விழுந்தது, எங்கள் குப்பத்துக்கு மேலே வால் நட்சத்திரம் தெரிந்ததற்கு இரண்டு வருஷம் முன்னால். விழுந்ததைப் பற்றி எங்களுக்கு யாரும் தண்டோரா போடவில்லை. நாங்கள் ஆடியதெல்லாம் விழாத ஒன்றுக்காக.

அப்போது நான் எண்ணூர் முகத்துவாரத்தை ஒட்டிய மீன்பிடிக் குப்பத்துக்கு மருமகளாக வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ராயபுரத்து மிஷன் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு வரை படித்தவள். அந்தக் குப்பத்தில் எழுத்து தெரிந்த ஒரே ஆள். அந்தத் திமிர் எனக்கு நிறையவே இருந்தது. என் புருஷனுக்கு அதில் எனக்கு மேல் பெருமை. "எம் பொஞ்சாதி பேப்பர் படிப்பா" என்று வலைக்குள் அகப்பட்ட மீனிடம்கூடச் சொல்லியிருப்பார்.

கொஞ்ச நாளாக விடியலில் கடலுக்கு மேலே கிழக்கில் அந்த நட்சத்திரம் வாலோடு நின்றது. கடலுக்குப் போகிறவர்கள் கும்பிட்டுவிட்டு மரத்தைத் தள்ளினார்கள். கட்டுமரத்தை நாங்கள் மரம் என்றுதான் சொல்வோம். ஒரு நாள் காலையில் கருவாடு வாங்க வந்த பட்டணத்து வியாபாரி ஒரு பத்திரிகையைக் கொடுத்துவிட்டுப் போனான். குப்பத்துத் தலைவர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். அவர் வீட்டு வாசலில் ஐம்பது பேர். நான் முக்காட்டைச் சரிசெய்துகொண்டு, பள்ளிக்கூடத்து வாத்தியாரம்மா போல நிறுத்தி நிறுத்திப் படித்தேன். பூமி அந்த நட்சத்திரத்தின் வாலுக்குள் நுழையப் போகிறது, வாலில் விஷப்புகை இருக்கிறது, நட்சத்திரம் கடலில் மோதினால் அலை பனை உயரம் எழும்பும் என்று சிலர் பயப்படுகிறார்கள். அவ்வளவுதான் படித்தேன். பெண்கள் வாயில் அடித்துக்கொண்டார்கள்.

"போதும்மே! இதுக்கு மேல இன்னா கீது படிக்க?" என்றார் தலைவர். அவர் புத்தி எப்போதும் வாய்க்குப் பின்னாலேதான் வரும். "கடல் ஊருக்குள்ள வரப்போவுது. மரம் போச்சின்னா சோறு போச்சி. எல்லா மரத்தையும் கோயிலாண்ட தூக்குங்கடா!"

கட்டுமரம் என்பது நான்கைந்து கட்டைகளைக் கயிற்றால் சேர்த்துக் கட்டியது. ஒவ்வொரு கட்டையும் அதனதன் இடத்துக்கென்று செதுக்கியது. இடப்பக்கத்துக் கட்டை வலப்பக்கத்தில் உட்காராது. ஒருவன் மரத்துக் கட்டை இன்னொருவன் மரத்தோடு சேராது. கரைக்கு வந்ததும் அவிழ்த்துத் தனித்தனியாகக் காயப்போடுவார்கள். பால் குடிக்கிற பிள்ளைக்குக்கூட இது தெரியும். ஆனால் அன்றைக்கு இந்த மகா வீரர்கள் குப்பத்துக் கட்டைகள் எல்லாவற்றையும் மணல் மேட்டுக்கு அந்தப் பக்கம், அம்மன் கோயில் பனைமரங்களுக்கு அடியில் ஒரே குவியலாகப் போட்டார்கள். அலை வந்து அடித்துக்கொண்டு போகக்கூடாதே! அதனால் இருந்த கயிற்றையெல்லாம் எடுத்துக் குவியலைப் பனையோடு சேர்த்து வரிந்து கட்டினார்கள். பிறகு இடுப்பில் கைவைத்துத் தங்கள் சாமர்த்தியத்தைத் தாங்களே ரசித்தார்கள்.

என் புருஷன் அப்போது கடலில் இருந்தார். விடிவதற்கு முன்னாலேயே தூண்டில் போடத் தனியாகத் தூரக் கடலுக்குப் போயிருந்தார். மற்றவர்கள் எல்லாம் திரும்பிவிட்டார்கள். கட்டைகள் தோளேறிப் போவதைப் பார்த்த பிறகுதான் நான் பின்னாலேயே ஓடினேன்.

"மாமா, அவரு இன்னும் வர்ல. ஒரு மரத்தயாவது கரையில வையுங்க" என்று தலைவரிடம் கெஞ்சினேன்.

"அவன் வந்துகினே கீறான். நீதானே படிச்சே, இப்போ நீயே குறுக்க நிக்கிறியே" என்றார்.

உச்சி வெயில் சாய்ந்ததும் தெற்குக் காற்று பலமாக எழுந்தது. அலை உடைகிற இடத்துக்கு அப்பால் அவர் மரம் தெரிந்தது. பாய்மரம் முறிந்திருந்தது. துடுப்பை நட்டமாகத் தூக்கிப் பிடித்திருந்தார். எங்கள் கடற்கரையில் அதற்கு ஆள் அனுப்பு என்று அர்த்தம். வழக்கமான நாளாக இருந்தால் வெற்றிலை மெல்லுகிற நேரத்துக்குள் இரண்டு மரம் அலையைத் தாண்டியிருக்கும்.

எல்லோரும் கோயிலுக்கு ஓடினார்கள். முடிச்சுகள் அவிழவில்லை. கத்தியால் அறுத்தார்கள், கட்டுகிற அளவுக்கு முழுக் கயிறு மிஞ்சவில்லை. கட்டைகளைப் புரட்டினார்கள். "இது என்து இல்ல", "இது இடது, வலது எங்கடா?" என்று ஒருவரையொருவர் திட்டிக்கொண்டார்கள். கடைசியில் யார் யாருடையதோ நான்கு கட்டைகளை அறுந்த கயிற்றால் கட்டி இரண்டு பேர் இறங்கினார்கள். முதல் அலையிலேயே கட்டு பிரிந்தது. அவர்கள் நீந்திக் கரைக்கு வந்தார்கள். நான் தண்ணீரில் இடுப்பளவு நின்று கத்திக்கொண்டிருந்தேன். தூக்கிய துடுப்பு வடக்கே போய்க்கொண்டே இருந்தது. பிறகு தெரியவில்லை.

மறுநாள் முகத்துவாரத்துக்கு வடக்கே அவருடைய கட்டைகள் ஒதுங்கின. அவர் ஒதுங்கவில்லை.

நட்சத்திரமும் விழவில்லை. விஷப்புகையும் வரவில்லை. அதற்காகக் குப்பம் வெட்கப்பட்டதா? தலைவர் அம்மனுக்குத் தேங்காய் உடைத்தார். "வாலு ஒர்த்தன எட்துகினு ஊரை வுட்டுட்ச்சி" என்றார். எல்லோரும் தலையாட்டினார்கள். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்தது என்பார்கள். இங்கே காக்கை உட்காரவே இல்லை, இவர்களே ஏறிப் பழத்தை உலுக்கிவிட்டுக் காக்கை மேல் பழி போட்டார்கள். அந்த மனிதர்களை இன்றுவரை நான் மன்னிக்கவில்லை, மன்னிக்கிற உத்தேசமும் இல்லை.

பதினாறு நாள் கழிந்து தலைவர் வீட்டுக் கூரையில் செருகியிருந்த அந்தப் பத்திரிகையை உருவி எடுத்தேன். நான் நிறுத்திய இடத்துக்குக் கீழே நான்கு வரி இருந்தது. அந்த வால் புகையைவிட மெல்லியது, நட்சத்திரம் பூமிக்கு வெகு தூரத்தில் போகிறது, மோதாது, ஜனங்கள் பயமில்லாமல் அவரவர் வேலையைப் பார்க்கலாம் என்று வானசாஸ்திரம் படித்தவர்கள் சொல்வதாகப் போட்டிருந்தது.

அந்த வரிகள் அன்றைக்கே என் கண்ணில் பட்டிருந்தன. தலைவர் "போதும்மே" என்றதும் நான் வாயை மூடிக்கொண்டது அவருக்குப் பயந்து இல்லை. ஐம்பது பேர் என் வாயைப் பார்த்து நடுங்கியது எனக்குப் பிடித்திருந்தது. அதைக் கெடுக்க மனம் வராமல்தான் பத்திரிகையை மடித்துக் கொடுத்தேன்.