முதலாளியின் சோகப் பாட்டு

பத்தாம் வகுப்போடு நின்ற நான் ஒரு மனிதரைப் பற்றி எழுத வந்தது கொஞ்சம் அதிகம்தான், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஜெர்மனியில், பீலெஃபெல்ட் நகரில் நான் கோப்பை கழுவும் கிரேக்க உணவகத்தின் முதலாளி, தடித்த மீசைக்காரர். மதியச் சாப்பாட்டுக்காரர்கள் போனதும் பழைய கிரேக்கப் பாட்டுப் போடுவார். அந்தப் பாட்டுகளில் ஒருத்தி ஒருவனை விட்டுப் போவாள். அல்லது பிள்ளையைக் காணாமலே ஊரில் ஒரு தாய் செத்துப்போவாள். முதலாளி கண்ணை மூடி, கைகளை விரித்து, மேசைகளுக்கு நடுவே தனியாகச் சுற்றி ஆடுவார். ஒருவர் அப்படி ஆடும்போது குறுக்கே போகக் கூடாதாம். வேலையாட்கள் நாங்கள் மண்டியிட்டுக் கை தட்ட வேண்டும்.

அவரை விட்டு எவளும் போனதில்லை. கடை திறந்த நாள் முதல் மனைவிதான் குசினியில் இறைச்சி வாட்டுகிறார்.

ஒருநாள் அந்த அக்கா கைபேசியோடு வெளியே வந்தார். எங்களுக்கும் விளங்கட்டும் என்றோ என்னவோ, ஜெர்மனில் பேசினார்.

"அம்மாவுக்கு வருத்தம் கடுமையாம். நாளைக்கு நான் ஊருக்குப் போகவேணும்."

"சனிக்கிழமை கலியாண ஓடர் இருக்கெல்லே? அடுத்த கிழமை பாப்பம். இப்ப தள்ளி நில், பாட்டு முடியட்டும்," என்றார் முதலாளி. பாட்டில் வந்த தாய்க்காக அவர் கன்னத்தில் கண்ணீர் வழிந்தது.

"பாட்டில செத்த அம்மாவுக்கு அழுறீங்கள். என்ர அம்மா இன்னும் சாகேல்லை, அதுதான் பிழை போல," என்றார் அக்கா. பிறகு என்னைப் பார்த்தார். "என்ன தம்பி, நான் சொல்றது பிழையே?"

நான் கை தட்டுவதை நிறுத்தினேன். என்னால் இயன்றது அவ்வளவுதான்.

அது கள்ளக் கண்ணீர் என்று சொல்ல மாட்டேன். உண்மையாகத்தான் அழுதார். எப்படி என்றுதான் இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.

மறுநாள் காலை அக்கா விமானம் ஏறினார். உப்பு எங்கே இருக்கிறது என்று முதலாளி என்னிடம் கேட்டார்.