ஒகையோ வழக்கறிஞர் படுத்திருக்கும் ஊர்

சிட்னி சென்ட்ரல் நிலையத்திலிருந்து மெல்பேர்னுக்குப் போகும் பகல் ரயில் காலை எட்டு மணிக்குச் சற்று முன்னர் புறப்பட்டது. எழுபத்தாறாம் ஆண்டு மார்ச் மாதம், ஒரு வெள்ளிக்கிழமை. தூரம் தொள்ளாயிரத்து அறுபது கிலோமீட்டர். சிட்னியின் ஹோம்புஷ் பகுதியில் என் அறைக்குக் கீழ்த்தளத்தில் குடியிருந்த மிஸஸ் வேட் என்ற அமெரிக்கப் பெண்மணி, ஒரு கல்லறையைப் பார்த்துவரும்படி என்னை அனுப்பியிருந்தார்.

அது அவருடைய பூட்டனாரின் கல்லறை. பெயர் ஜோசையா க்ரோவ். ஒகையோ மாநிலத்தில் வழக்கறிஞர். இருமுறை சட்டசபைக்குத் தெரிவானவர். தப்பிவந்த அடிமைகளுக்காக வாதாடப்போய் மூன்றாவது தேர்தலில் தோற்றார். மனைவியிடமும் இரண்டு மகன்களிடமும் இரண்டே வருடத்தில் திரும்பிவிடுவேன் என்று சொல்லி, ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலத் தங்கவயல்களுக்குக் கப்பலேறினார். ஒரு வருடம் கடிதம் வந்தது. பிறகு நின்றுவிட்டது. கொள்ளையர் கொன்றுவிட்டார்கள் என்பது குடும்பத்தில் சொல்லிவந்த கதை. கல்லறை இருக்கும் ஊர் மிஸஸ் வேட்டுக்கு அண்மையில்தான் தெரியவந்தது.

"இடுப்பு வலியோடு என்னால் போக முடியாது. நீங்கள் சட்டம் படித்தவர். பார்த்ததை உள்ளபடி சொல்வீர்கள்" என்றார்.

நான் சட்டம் படித்ததெல்லாம் யாழ்ப்பாணத்தோடு சரி. இங்கே என் பட்டம் செல்லவில்லை. ஒரு களஞ்சியசாலையில் பெட்டிகளுக்குச் சீட்டு ஒட்டிக்கொண்டிருந்தேன். அதை ஊரில் இருக்கும் மனைவிக்கு எழுத வெட்கப்பட்டு, மூன்று மாதமாகக் கடிதமே போடவில்லை.

பிற்பகலில் ஆல்பரியைத் தாண்டி மரே ஆற்றைக் கடந்தோம். இரு கரையிலும் புல் காய்ந்து வைக்கோல் நிறமாகக் கிடந்தது. இரவு ஒன்பது மணிக்கு மெல்பேர்ன். டண்டினொங்கில் தொழிற்சாலை வேலை பார்க்கும் நண்பன் சிவபாதம் வந்து கூட்டிப்போனான்.

சனிக்கிழமை காலை ஏழு மணிக்கு அவனுடைய பழைய காரில் கிளம்பினோம். மெல்பேர்னிலிருந்து நூற்றிருபது கிலோமீட்டரில் காசில்மெயின். அதற்கு அப்பால், ஒரே தெருவும் இரண்டு தேவாலயங்களும் உள்ள சிறிய ஊர். பழைய நீதிமன்றக் கட்டடத்தை அருங்காட்சியகமாக்கி, ஓய்வுபெற்ற தபால்காரர் டன் பார்த்துக்கொண்டிருந்தார். க்ரோவ் என்றதும் ஒரு கட்டு மனுக்களை எடுத்து வைத்தார்.

"இங்கே வழக்காட அவருக்கு உரிமை கிடைக்கவில்லை. அமெரிக்கப் படிப்பு இங்கே செல்லாது என்று சொல்லிவிட்டார்கள்" என்றார் டன். "அதனால் வெளியே மரத்தடியில் உட்கார்ந்து சீனச் சுரங்கக்காரர்களுக்கு மனு எழுதிக் கொடுத்தார்."

மனுக்களைப் புரட்டினேன். நறுக்கென்ற வாக்கியங்கள், ஒரு சொல் மிகை இல்லை. தொழில் தெரிந்த கை. எனக்குப் பெருமையாக இருந்தது, என் சொந்தக்காரர் போல.

கல்லறைக்கும் டன்னே கூட்டிப்போனார். கல்லில் பாசி படர்ந்திருந்தது. எழுத்துக்கள் தெளிவாக இருந்தன. ஜோசையா க்ரோவ். ஊர்ச்சபை உறுப்பினர். எலனின் அன்புக் கணவர். நால்வரின் தந்தை. எலன் இந்த ஊர்ப் பெண் என்றார் டன்.

டன் சொன்னபடி, இந்த நாட்டுக்கு வந்து இருபத்திரண்டு வருடம் கழித்து, நோய்ப்படுக்கையில்தான் இறந்திருக்கிறார். எந்தக் கொள்ளையனும் அவரைக் கொல்லவில்லை.

திரும்பும் வழியில் சிவபாதம் சொன்னான்: "அண்ணை, ஆள் செத்து நூறு வருசம். அந்த அமெரிக்க மனிசிக்கு ஏன் இப்ப நோவு குடுக்கிறியள்? கல்லு அழிஞ்சு போச்சு எண்டு சொல்லிப்போட்டு விடுங்கோ."

"அவ என்னை நம்பி அனுப்பினவ, சிவம்."

"ஓம், சரி. அப்ப நீங்கள் வீட்டை கடிதம் போட்டனீங்களோ? அக்கா எனக்கெல்லே எழுதிக் கேக்கிறா, ஆள் உயிரோடை இருக்கிறாரோ எண்டு."

காய்ந்த வயல்கள் பின்னால் ஓடிக்கொண்டிருந்தன. க்ரோவும் ஒரே நாளில் முடிவெடுத்து ஒகையோவில் விட்டுவந்தவர்களை மறந்திருக்க மாட்டார். இந்த மாதம் வேண்டாம், அடுத்த மாதம் நல்ல செய்தியோடு எழுதலாம் என்றுதான் தொடங்கியிருப்பார்.

ஞாயிற்றுக்கிழமை ரயிலில் மனைவிக்கு ஆறு பக்கம் எழுதினேன். பெட்டி, சீட்டு, பசை, எதையும் மறைக்கவில்லை. திங்கள் காலை தபாலில் சேர்த்த பிறகுதான் மிஸஸ் வேட்டின் கதவைத் தட்டினேன்.

மனுக்களைப் பற்றிச் சொன்னபோது அவர் முகம் மலர்ந்தது. கல்லைப் பற்றிச் சொன்னேன். சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"கொள்ளையன் கையால் செத்திருந்தாலே தேவலை" என்றார். "என் பூட்டி சாகும்வரை மறுமணம் செய்யவில்லை, தெரியுமா?"

நான் எழுந்து வந்துவிட்டேன். நாலு நாள் அவரை வெளியே காணவில்லை. ஐந்தாம் நாள் மாலை, கைப்பிடியைப் பற்றிக்கொண்டு ஒவ்வொரு படியாக ஏறி என் அறைக்கு வந்தார்.

"எலனின் வழியில் யாராவது இருக்கிறார்களா?"

"அந்த ஊர் பேக்கரிக்காரி அவள் வழிப் பெண் என்று டன் சொன்னார்."

"அவளுக்கு ஒரு கடிதம் எழுத வேண்டும். நீங்கள் எழுதுங்கள், நான் கையெழுத்துப் போடுகிறேன்." கதிரையை இழுத்து உட்கார்ந்தார். "கல்லில் பிழை இருக்கிறது என்று தொடங்குங்கள். நால்வர் அல்ல, அறுவர்."