மாலைக்குள் ஒரு வெள்ளிக் கை

சங்கரன்கோவிலில் என் மைக் செட்டை விட என் வாய் பிரபலம். பொதுவாக மைக் செட்காரர்கள் அதிகம் பேசமாட்டார்கள். நாள் முழுக்க அடுத்தவன் பேச்சைக் கேட்டுக் கேட்டு அவர்களுக்குப் பேச்சே கசந்துபோயிருக்கும். எனக்கு மட்டும் கசக்கவில்லை. ஆம்ப்ளிபயரில் சத்தத்தைக் குறைக்க ஒரு குமிழ் இருக்கிறது. என்னைச் செய்தவன் அதை வைக்க மறந்துவிட்டான். இது என் கண்டுபிடிப்பு இல்லை, கல்யாணமான மூன்றாம் நாள் என் வீட்டுக்காரி சொன்னது.

மைக்கைச் சோதிக்க எல்லாரும் "ஒன், டூ, த்ரீ" என்பார்கள். நான் பூக்கடை அண்ணாச்சியைக் கூப்பிடுவேன். கோயிலுக்குப் பக்கத்துத் தெருவில் கடை வைத்திருப்பவர், என்னைவிட ஆறு வயது மூத்தவர். ஆளுயர மாலை கட்டுவதில் சுற்று வட்டாரத்தில் அவருக்கு நிகர் கிடையாது. கோயில் கொடைத் திருவிழாவானாலும் கட்சிக் கூட்டமானாலும் மாலை அவருடையது, மைக் என்னுடையது. கம்பங்களில் ஹாரன் குழாய்களைக் கட்டி முடித்ததும் நான் ஆரம்பிப்பேன்.

"ஹலோ, ஹலோ… பூக்கடை அண்ணாச்சி கவனத்துக்கு. இன்னைக்காவது குளிச்சீரா? பூவெல்லாம் வாடை அடிக்குன்னு பொதுமக்கள் சொல்லுதாவ."

தெருவே சிரிக்கும். அவர் கடைக்குள்ளிருந்து நார்க் கற்றையைத் தூக்கிக் காட்டுவார். "ஏலே, இறங்கி வா. உன் நாக்கையும் சேத்து நாரு போட்டுக் கட்டுதேன்!"

இருபது வருடம் இப்படித்தான் மைக் சோதித்தோம். ஒருமுறை அவருக்குக் காய்ச்சல் என்று கேள்விப்பட்டு, பாவம் என்று அவரை விட்டுவிட்டேன். மறுநாள் துண்டைப் போர்த்திக்கொண்டு சண்டைக்கு வந்தார். "என்னலே, நான் செத்துப்போனேன்னு நெனச்சியா? பேரைக் காணோம்?"

இதெல்லாம் எதற்குச் சொல்கிறேன் என்றால், நான் செய்த காரியத்துக்கு ஒரு சாக்கு வேண்டுமே, அதற்குத்தான்.

மூன்று வருடங்களுக்கு முன் வடக்கே ஓர் ஊரில், மேடையை விட்டு இறங்கிய தேசியத் தலைவர் ஒருவரை எவனோ சுட்டான். குண்டு வலது கையில் பாய்ந்தது. உயிருக்கு ஆபத்தில்லை. எல்லா டி.வி.யிலும் அதே காட்சி: கூட்டம் சிதறுகிறது, தலைவர் கையைப் பிடித்தபடி காருக்குள் தள்ளப்படுகிறார். அண்ணாச்சி பூக்கடையில் வேலையை நிறுத்திவிட்டு அதையே திரும்பத் திரும்பப் பார்த்தார். அவர் அந்தக் கட்சி கிடையாது. எந்தக் கட்சியும் கிடையாது. ஆனால் கை என்றால் அவருக்கு ஒரு பதற்றம். கையை வைத்துத்தானே பிழைக்கிறார்.

அன்றைக்கே வேண்டிக்கொண்டாராம். எங்கள் கோயிலில் உடம்புக்கு என்ன வந்தாலும் வெள்ளியில் அதன் உருவை வாங்கி உண்டியலில் போடுவது வழக்கம். கண் வலித்தால் கண், கால் வலித்தால் கால். "அந்த மனுசனுக்குக் கை சரியாகட்டும், ஒரு கை உரு போடுதேன்" என்று ஊரும் பாஷையும் தெரியாத ஒருவருக்காக இவர் நேர்ந்துகொண்டார்.

கை சரியானது. இரண்டு மாதத்தில் தலைவர் மறுபடி சுற்றுப்பயணம் கிளம்பினார். எங்கள் ஊருக்கும் வருவதாக முடிவானது. திருவேங்கடம் சாலையில் மைதானம், ஹெலிகாப்டர், பதினாறு ஹாரன். மைக் நான்தான்.

அதற்கு முன் நான் பார்த்த பாதுகாப்பு என்பது கம்பு கட்டி, கயிறு இழுத்து, இரண்டு போலீஸ்காரர்கள் வெள்ளரிக்காய் தின்றுகொண்டு நிற்பது. இந்தத் தடவை பத்து நாள் முன்பே வெளியூர் அதிகாரிகள் வந்து இறங்கினார்கள். லாட்ஜ்களில் ஆள் கணக்கெடுத்தார்கள். மைதானத்தைப் பார்த்த மொட்டைமாடிகளைப் பூட்டினார்கள். நாய் ஒன்று என் ஆம்ப்ளிபயரை மோந்து பார்த்துவிட்டு நகரமாட்டேன் என்றது. கழற்றிப் பார்த்தால் உள்ளே எலி கொண்டுபோய் வைத்த பாதி உளுந்தவடை. என்னை விசாரித்த அதிகாரி கேட்டார், "வேறு பெயர் ஏதும் உண்டா?" "வீட்டுல கழுதைன்னு கூப்பிடுவாங்க சார்." அவர் சிரிக்கவில்லை. எழுதிக்கொண்டார். அப்போதே எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும்.

இந்தக் கெடுபிடியில் நன்மை அடைந்த ஒரே ஆள் அண்ணாச்சி. முன்பெல்லாம் மாலையை இவர் கட்டுவார், யாரோ வாங்கிப் போவார்கள், வேறு யாரோ மேடையில் போடுவார்கள். கடைச் சுவரில் பத்திரிகையில் வெட்டிய படங்களாக ஒட்டியிருப்பார். எல்லாவற்றிலும் அவர் மாலை இருக்கும், அவர் இருக்கமாட்டார். இந்தத் தடவை அதிகாரிகள் புது விதி சொன்னார்கள்: ஒரே மாலை, அது கைமாறக் கூடாது, கட்டியவரே கொண்டுவந்து கட்டியவரே போட வேண்டும். அண்ணாச்சிக்குப் போட்டோ ஒட்டிய பாஸ் கிடைத்தது. அதைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு இரண்டு நாள் கடையில் உட்கார்ந்திருந்தார்.

கூட்டத்துக்கு முந்தின நாள் என்னைக் கூப்பிட்டு வெற்றிலையில் சுற்றிய அந்த உருவைக் காட்டினார். விரல் நீளத்தில் ஒரு வெள்ளிக் கை. "மாலைல நெஞ்சுக்கு நேரா வச்சுக் கட்டிருதேன். அவரு மேல ஒரு தடவ படட்டும். பெறவு எடுத்து உண்டியல்ல போட்டிருதேன். உனக்கு மட்டும்தான் சொல்லுதேன். போலீசுல ஒரு வார்த்தை சொல்லிருவமா?"

கேட்டாரே, கேட்கத்தான் செய்தார். நான் பெரிய எலக்ட்ரிக்கல் மேதை போலச் சொன்னேன்: "தகடு மாதிரி இருக்கு அண்ணாச்சி. போலீசோட சோதனை மெஷின் இரும்புக்குத்தான் கத்தும். வெள்ளிக்குக் கத்தாது."

அவர் நம்பினார். மைக் செட்காரனுக்கு மெஷின் தெரியாதா என்று நினைத்திருப்பார். ஒயரை ஒட்டத் தெரியும், அவ்வளவுதான் தெரியும் என்று நான் அவரிடம் எப்போதும் ஒத்துக்கொண்டதில்லை.

மறுநாள் மத்தியானம் மைதானத்தில் போலீசும் மேடைக்காரர்களும்தான். ஜனங்களை இன்னும் விடவில்லை. நான் மேடையில் மைக்கைப் பிடித்து நின்றேன். தூரத்து வாசலில் லோடு ஆட்டோ வந்து நின்றது. அண்ணாச்சி புது வெள்ளைச் சட்டையில் இறங்கினார். ஈரத் துணி மூடிய மாலையைக் குழந்தையைப் போல இரண்டு கையிலும் ஏந்தியிருந்தார். ஒரு அதிகாரி சோதனைக் கருவியை மாலை மேல் ஓட்டினார். அது கத்தியது. மறுபடி ஓட்டினார். மறுபடி கத்தியது.

அந்த நேரத்தில் நான் ஓடிப்போய், "சார், அது வேண்டுதல் உரு" என்று சொல்லியிருக்கலாம். விஷயம் தெரிந்தவன் நான் ஒருத்தன்தான். ஆனால் கையில் மைக் இருந்தது. அண்ணாச்சி முழித்துக்கொண்டு நின்ற நிலையைப் பார்த்ததும் இருபது வருடப் பழக்கம் வாயைத் திறந்துவிட்டது.

"ஹலோ, ஹலோ… சார், அவரை விட்டுராதீங்க. பூக்கடை அண்ணாச்சி மாலைக்குள்ள குண்டு வச்சிருக்காரு!"

பதினாறு ஹாரன். ஒன்றுகூடக் கரகரக்கவில்லை. என் தொழில் வாழ்க்கையிலேயே அவ்வளவு துல்லியமாகச் சத்தம் வந்ததில்லை.

யாரும் சிரிக்கவில்லை. வெளியூர் அதிகாரி எங்கள் இன்ஸ்பெக்டரைப் பார்த்து என்னவோ கேட்டார். இன்ஸ்பெக்டர் மொழிபெயர்த்தார். கேலியை மொழிபெயர்த்தால் அது எஃப்.ஐ.ஆர். ஆகிவிடும் என்று எனக்கு அன்றுதான் தெரிந்தது. அண்ணாச்சியை இரண்டு பேர் மண்ணில் குப்புறத் தள்ளினார்கள். மாலையைக் கயிறு போட்டு இழுத்துக்கொண்டு போனார்கள். கனத்த உடை போட்ட ஒருவர் அதைக் கத்தரியால் கண்டம் கண்டமாக வெட்டினார். சம்பங்கி, ரோஜா, மரிக்கொழுந்து எல்லாம் மண்ணில் கிடந்தன. கடைசியில் ஒரு குட்டி வெள்ளிக் கை வந்தது.

"இது என்ன?" என்று கேட்டார்கள். அண்ணாச்சி கன்னத்தில் ஒட்டிய மண்ணோடு தலையைத் தூக்கி, மேடையில் நின்ற என்னையே பார்த்தார்.

நான் கத்திக் கத்திச் சொன்னேன். அதற்குள் மைக்கைப் பிடுங்கிவிட்டார்கள். குமிழ் இல்லாத வாய்தான், இருந்தும் வாசல் வரைக்கும் கேட்கவில்லை.

இருவரையும் ஸ்டேஷனில் ஒரே பெஞ்சில் உட்கார வைத்தார்கள்.

"ஏன்யா அப்படிச் சொன்ன?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"வழக்கம் சார். டெஸ்டிங்குல அண்ணாச்சியைக் கேலி பண்ணுவேன்."

"ஆமா சார்," என்றார் உள்ளூர் ஏட்டு. "கோயில் கொடைக்கெல்லாம் இப்படித்தான் பேசுவான். கிறுக்கன்."

என்னைக் காப்பாற்ற அந்தச் சொல் போதுமாக இருந்தது. அண்ணாச்சியைக் காப்பாற்றப் போதவில்லை. தடை செய்த பொருளை மறைத்துக் கொண்டுவந்தது அவர்தானே என்றார்கள். சாயங்காலம் தலைவரின் பேச்சு ஸ்டேஷன் வரைக்கும் கேட்டது. எனக்குப் பதிலாக என் மச்சினன் ஆம்ப்ளிபயரைப் பார்த்துக்கொண்டிருந்தான். சத்தம் நன்றாக இருந்தது. அதைப் பக்கத்தில் இருந்தவரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. முதல் தடவையாக.

ஹெலிகாப்டர் போன பிறகு விட்டார்கள். வாசலில் நான், "அண்ணாச்சி…" என்றேன்.

"நீங்க போங்க" என்றார்.

இருபது வருடமாக என்னை 'ஏலே' என்று கூப்பிட்டவர். அவர் நார்க் கற்றையால் நாலு அடி அடித்திருந்தால்கூட நான் நிம்மதியாகத் தூங்கியிருப்பேன்.

வழக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அண்ணாச்சியின் பெயர் போலீஸ் பட்டியல் ஒன்றில் ஏறியது. பெரிய மனிதர் யாராவது இந்தப் பக்கம் வந்தால், முந்தின நாள் கடைக்கு ஒரு போலீஸ்காரர் வருவார்: "அண்ணாச்சி, ரெண்டு நாளைக்கு வெளியூர் போகாதீரு." பூ வாங்க நிற்கிறவர்கள் காதில் விழும்படி சொல்வார். ஊரே திரளும் எங்கள் கோயில் திருவிழாவான ஆடித்தபசு அன்று, வருடத்திலேயே அதிகமாகப் பூ விற்கும் நாளில், நாங்கள் இரண்டு பேரும் காலையில் ஸ்டேஷனுக்குப் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு, போகச் சொல்லும் வரை பெஞ்சில் உட்கார வேண்டும். என் பெயரும் பட்டியலில் இருக்கிறது. வேறு பெயர் என்ற இடத்தில் 'கழுதை' என்று இருப்பதை நானே பார்த்தேன். அதில் பிழை இல்லை.

வெள்ளிக் கையைத் திருப்பித் தரக் கூப்பிட்டபோது அவர் போகவில்லை. நான் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு கடைக்குப் போனேன்.

"உண்டியல்ல போட்டிருவமா அண்ணாச்சி?"

"வேண்டிக்கிட்டது நான். போடவேண்டியதும் நான்" என்றார், பூவிலிருந்து கண்ணை எடுக்காமல். "போடத் தோணல. நீங்களே வச்சிருங்க."

அது இன்னும் என் மைக் பெட்டியில், பஞ்சுக்குள் இருக்கிறது. சுவரில் ஒட்டியிருந்த படங்களை அவர் கிழித்துவிட்டார். மாலை கட்டுகிறார், நன்றாகத்தான் கட்டுகிறார். எடுத்துக்கொண்டு போகிறவர் யார், போடுகிறவர் யார் என்று கேட்பதில்லை. நானும் மைக் சோதிக்கும்போது, "ஒன்று, இரண்டு, மூன்று" என்று சொல்லப் பழகிவிட்டேன்.

இந்த வருட ஆடித்தபசு. அதே பெஞ்ச். இருவருக்கும் நடுவே ஓர் ஆள் உட்காரும் இடம். ஏட்டு டீ வாங்கிக் கொடுத்தார். பாதி டீ குடித்த பிறகு, எதிர்ச் சுவரைப் பார்த்துக்கொண்டே அண்ணாச்சி சொன்னார்.

"ஏலே."

டீ என் சட்டையில் சிந்தியது.

"என்ன அண்ணாச்சி?"

"மைக்ல என்னலே அது, ஒண்ணு ரெண்டு மூணுன்னுட்டு? ஒண்ணாங்கிளாஸ் வாத்தியாரு மாதிரி. கேக்கச் சகிக்கல."

அவ்வளவுதான். பிறகு டம்ளரை வைத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்.

போன வாரம் அவர் கடைக்கு எதிரே கோயில் கொடைக்கு ஹாரன் கட்டினேன். பெஞ்சில் அவர் சொன்னது எத்தனையோ நாளாக நான் காத்திருந்த அழைப்பு. சொல்லப்போகும் கேலியை மனதுக்குள் பத்து தடவை சொல்லிப் பார்த்திருந்தேன். குளிச்சீரா என்று கேட்கலாம். புதுச் சட்டை எதுக்கு என்று கேட்கலாம். மைக்கைப் போட்டேன். "ஹலோ, ஹலோ" என்றேன். கடைக்குள் அண்ணாச்சியின் கை நின்றது. நார் பாதி முடிச்சில் இருந்தது. தலை நிமிரவில்லை, ஆனால் காது இந்தப் பக்கம் இருந்தது. தெருவில் இரண்டு மூன்று பேர்கூட நின்றுவிட்டார்கள்.

எனக்கு மைதானத்தில் பார்த்த அந்த வெள்ளைச் சட்டையும் கன்னத்து மண்ணும்தான் தெரிந்தன.

"ஒன்று," என்றேன். "இரண்டு. மூன்று."

அவர் இன்னும் காத்திருந்தார்.

"நான்கு" என்றேன்.

அண்ணாச்சி முடிச்சை இறுக்கினார்.